ஹீரோவின் வயிற்றில் முட்டை

போன வருடம் ஒரு சனிக்கிழமை, கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் ஃபிளாட்டில் நடந்தது இது. மேல் மாடியில் குடியிருக்கும் முஸ்லிம் அக்கா உம்ரா யாத்திரைக்காக மக்கா புறப்பட்டபோது, தான் வளர்க்கும் கொக்கட்டீலைக் கூட்டோடு எங்களிடம் தந்துவிட்டுப் போயிருந்தார். கொண்டை வைத்த அந்தச் சாம்பல் நிறக் கிளிக்குப் பெயர் ஹீரோ. "இது ஒங்கள்ட்ட அமானிதம்" என்று சொல்லித்தான் தந்தார். நம்பி ஒப்படைக்கும் ஒன்றை அவர்கள் அப்படித்தான் சொல்வார்கள்.

அன்று காலை ஹீரோ கூட்டின் அடியில் சிறகை உப்பிக்கொண்டு குந்தியிருந்தது. வயிறு வீங்கியிருந்தது. முக்கி முக்கிப் பார்த்தது, ஒன்றும் வரவில்லை.

"காத்துத்தான் பிடிச்சிருக்கு. ஓமத் தண்ணி குடுப்பம்" என்றார் என் கணவர். எங்கள் வீட்டில் யாருக்கு வயிறு சரியில்லை என்றாலும் அவருக்குத் தெரிந்த ஒரே வைத்தியம் அது. ஆண் பறவை என்றே எல்லோரும் நம்பியிருந்ததால் எனக்கும் வேறெதுவும் தோன்றவில்லை. சொட்டுச் சொட்டாகக் கொடுத்தோம். கொஞ்ச நேரத்தில் அது நிற்கவும் முடியாமல் சாய்ந்துவிட்டது. பதறிப்போய், துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு த்ரீவீலில் மிருக வைத்தியரிடம் ஓடினோம்.

டொக்டர் சிங்களவர், தமிழ் கொஞ்சம் கதைப்பார். எக்ஸ்ரேயைப் பார்த்ததும் சிரித்துவிட்டார். "ஹீரோ இல்ல மிஸ், ஹீரோயின். உள்ள முட்டை இருக்கு."

அந்த முட்டை வெளியே வர வழியில்லாமல் சிக்கியிருந்தது. சூடு காட்டினார், கல்சியம் ஊசி போட்டார். அசையவில்லை. டொக்டரின் சிரிப்பும் போய்விட்டது. வயிற்றைத் திறந்து முட்டையையும் முட்டைக் குழாயையும் எடுக்க வேண்டும், மயக்கத்திலேயே உயிர் போகவும் கூடும், ஆனால் விட்டால் நிச்சயம் செத்துவிடும் என்றார்.

அக்காவுக்குத் திரும்பத் திரும்ப அழைத்தேன். போன் அணைந்திருந்தது.

"வேற ஆக்களின்ர பறவை. கேக்காமல் வெட்டக் குடுக்கலாமோ?" என்று கணவர் இழுத்தார். அவர் கேட்டதிலும் நியாயம் இருந்தது. செத்துப்போனால் அக்காவின் முகத்தில் எப்படி விழிப்பேன்? ஆனால் துண்டுக்குள்ளிருந்து அது என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

"செய்யுங்கோ டொக்டர்" என்று சொல்லிவிட்டேன்.

வெளியே மர வாங்கில் உட்கார்ந்தபடி முருகனையும் அக்காவின் அல்லாஹ்வையும் சேர்த்தே கூப்பிட்டேன். ஒருவழியாகக் கதவு திறந்தது. டொக்டரின் உள்ளங்கையில், தோல் போன்ற மெல்லிய ஓட்டோடு ஒரு முட்டை. "ஹீரோயின் முழிச்சிட்டா" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

மாலையில் அக்காவே அழைத்தார். கஃபாவைச் சுற்றி வரும் தவாஃப் செய்யப் போனதால் போனை அணைத்து வைத்திருந்தாராம். அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன்.

"நான் அங்க ஈந்திருந்தா பயத்துல வாணாமுண்டு செல்லியிருப்பேன். அது மௌத்தாகியிருக்கும். ஒங்கள்ட்ட உட்டுட்டு வந்ததுதான் நல்லம்" என்றார்.

பிறர் நம்பித் தந்ததைக் கீறல் விழாமல் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று மட்டுமே அறிந்திருந்த நான், வயிற்றில் தையலோடு அதை அக்காவின் கையில் கொடுத்த நாளை நினைத்தால் இன்றும் மனம் நிறைந்துபோகிறது.