போர்டைச் சுற்றிப் பெருக்குவது
பொம்மனஹள்ளி வீட்டின் கூடத்தில் என் மகள் செஸ் போர்டோடு உட்கார்ந்திருக்கிறாள். அவளுக்குப் பிடித்த வீராங்கனை நேற்று உலகப் போட்டியில் தோற்றுவிட்டாள். "எங்கியோ ஒரு மூவ் இருந்திருக்கும்மா," என்கிறாள்.

கோலார் தங்கவயலில், எங்கள் வீட்டுத் தரையிலும் இப்படி ஒரு போர்டு கிடந்தது. நான் சிறுமியாக இருந்தபோது, அப்பா வேலை பார்த்த சுரங்கத்தை மூடப்போகிறார்கள் என்று தெரிந்த வாரம் அது. அப்பா வேலையைப் பற்றி வாயே திறக்கவில்லை. பட்டத்தை இழந்த உலக சாம்பியனின் கடைசி ஆட்டத்தைப் பேப்பர் பார்த்து அடுக்கிவைத்து, அவரைக் காப்பாற்ற வழி தேடிக்கொண்டிருந்தார். காய்களில் பீடி நாற்றம். தொலைந்துபோன யானைக்குப் பதில் ஒரு துருப்பிடித்த போல்ட்.

"பேப்பரே பழசாயிடுச்சு. அந்த ஆள இன்னுமா காப்பாத்தறீங்க?" என்று அம்மா எரிந்து விழுவாள். ஆனால் போர்டைத் தொடாமல் சுற்றித்தான் பெருக்குவாள்.

ஒரு காலை அப்பா காய்களைப் பெட்டியில் போட்டார். "அவரு ஒரு தப்பும் பண்ணல. ஒழுங்காதான் ஆடுனாரு. அப்படியும் போயிடுச்சு," என்றார்.

அம்மா துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

மகள் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறாள். நான் போர்டைச் சுற்றிப் பெருக்குகிறேன்.