கவர் பை அக்காவின் கல்யாணம்

இரும்புலியூர் சபைக் குடும்பங்களில் யாருக்குக் கல்யாணம் என்றாலும் வரவேற்பு மேடைக்கு இடது பக்கம் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கிடக்கும். அது ரத்தினபாயின் நாற்காலி. மடியில் ஜிப் வைத்த ஒரு பை இருக்கும். மேடையேறுகிறவர்கள் மாப்பிள்ளையிடம் கவரை நீட்டுவார்கள், அவர் வாங்கிப் போட்டோவுக்குச் சிரித்துவிட்டு அப்படியே இடது பக்கம் கையை நீட்டுவார். ரத்தினபாய் அதை வாங்கிப் பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்துவிடுவாள்.

கல்யாணமாகாதவள், பிள்ளைகுட்டி இல்லாதவள், கை சுத்தம். இவ்வளவும் ஒரே ஆளிடம் இருந்தால் ஒரு சபை லேசில் விட்டுவிடுமா என்ன? இருபத்தைந்து வயதில் ஒரு நாள் உதவிக்கென்று உட்கார்ந்தவளை ஐம்பத்திரண்டு வரைக்கும் எழுந்திருக்க விடவில்லை. கூட்டம் வடிந்து, பையைப் பெண்ணின் அப்பாவிடம் ஒப்படைத்துவிட்டு அவள் சாப்பிடப் போகும்போது அண்டாவின் அடியில் ஒட்டிய பிரியாணியும் எலும்பும்தான் மிஞ்சியிருக்கும். “அக்காவுக்கு ஏதாவது எடுத்து வெச்சீங்களா?” என்று யாராவது சமையல்காரரைக் கேட்பார்கள். கேட்பதோடு சரி.

அப்படிப்பட்ட ரத்தினபாய்க்குக் கல்யாணம் நிச்சயமானது. சேலையூரில் ஒரு பள்ளிக்கூட அலுவலகத்தில் கிளார்க் வேலை அவளுக்கு. மாப்பிள்ளை ஜீவரத்தினம், ராஜகீழ்ப்பாக்கத்துக்காரர், ரயில்வேயில் ஓய்வு பெற்றவர், மனைவியை இழந்து பல வருடம் தனியாகச் சமைத்துச் சாப்பிட்டவர். சபை நடத்திய மருத்துவ முகாமில் இருவரும் ரத்த அழுத்தம் பார்க்க ஒரே வரிசையில் நின்றார்கள். “உங்களுக்கு எவ்வளவு காட்டுச்சு?” என்று அவர் கேட்டதில் ஆரம்பித்த பேச்சு, ஒரு வருடம் கழித்துக் கல்யாணத்தில் வந்து நின்றது.

சபைக்குச் சந்தோஷம்தான். ஆனால் எல்லோர் வாயிலும் ஒரே வார்த்தை: துணை. “நல்லது அக்கா, இந்த வயசுல ஒரு துணை வேணும்.” “ஒருத்தருக்கொருத்தர் மாத்திரை எடுத்துக் குடுக்கலாம்.” கேட்கக் கேட்க ரத்தினபாய்க்கு எரிச்சலாக வந்தது. மாத்திரை எடுத்துக் கொடுக்க ஒரு நர்ஸை வைத்துக்கொள்ளலாமே, அதற்கு எதற்கு மோதிரமும் ஆலயமும்? அவளுக்கு அந்த மனுஷனைப் பிடித்திருந்தது. அவர் சிரிக்கும்போது தனக்கும் சிரிப்பு வந்தது. அதை ஒருத்தரும் கேட்கவில்லை.

அதனால்தான் பத்திரிகையின் கீழே அந்த ஒரு வரியைப் போடச் சொன்னாள். ‘பரிசுப் பொருட்கள் வேண்டாம். டார்ஜிலிங் போகும் எங்கள் தேனிலவுக்கு உங்களால் முடிந்ததைக் கொடுத்து வழியனுப்புங்கள்.’

அச்சகத்திலிருந்து வந்த மாதிரித் தாளைப் பார்த்ததும் தம்பி ஷெர்வின் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டான். அவன் சபைக் கமிட்டி உறுப்பினர். ஞாயிற்றுக்கிழமைகளில் முழுக்கைச் சட்டை போட்டுக் காணிக்கைப் பை எடுக்கிறவன்.

“அக்கா, என்ன இது?”

“ஏன், எழுத்துப் பிழை இருக்கா?”

“தேனிலவுன்னு போட்டிருக்கே. ஆலயத்துல கல்யாண ஓலை வாசிக்கிற போதகர் ஐயர் கைக்கே இந்தப் பத்திரிகை போகும். கமிட்டியில நான் முகத்தை எங்க வெச்சுக்கறது?”

“இப்ப இருக்கிற இடத்துலயே வெச்சுக்கோ.”

அவன் மனைவி ஜென்சி சமாதானத்துக்கு வந்தாள். “அண்ணி, பரிசுத்த நாட்டுப் பயணம்னு போட்டுடலாமா? ஜெருசலேம், பெத்லகேம் எல்லாம் பார்த்தமாதிரியும் ஆச்சு. கேக்கறவங்களுக்கும் மரியாதையா இருக்கும்.”

“புனிதப் பயணம் போறதுன்னா தனியா போயிருப்பேனே, ஜென்சி. எதுக்குக் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போகணும்?”

“அத்தானுக்குப் பென்ஷன் வருது, உனக்குச் சம்பளம் வருது,” என்றான் ஷெர்வின். “நீங்களே போயிட்டு வரலாமே. எதுக்கு ஊரைக் கேக்கணும்?”

ரத்தினபாய் அந்தத் தாளை மடித்துக் கைப்பையில் வைத்தாள். “இல்லாம கேக்கலடா. இவங்க ஒவ்வொருத்தரும் ஹனிமூன் போறதுக்கு நான் மேடை ஓரத்துல உக்காந்து கவர் வாங்கிக் குடுத்தேன். என்னையும் ஒரு கல்யாணப் பொண்ணுன்னு நெனச்சு அவங்க அனுப்பி வைக்கணும். அதுக்குத்தான் கேக்கறேன். அந்த வரி இருக்கும்.”

அவன் திரும்ப நாற்காலியில் உட்கார்ந்தான். சபைக்காரர்களுக்குப் பத்திரிகை வைக்கிற வேலையை மட்டும் தானே பார்த்துக்கொள்வதாகச் சொன்னான். அக்காவுக்கும் தம்பி மனசு இறங்கிவிட்டான் என்று சந்தோஷம். பள்ளிக்கூடத்துப் பத்திரிகைகளை எடுத்துக்கொண்டு மீதியை அவனிடம் கொடுத்தாள்.

குட்டை உடைத்தது ஏஞ்சல். பள்ளியில் கணக்கு டீச்சர், அதே சபைக்காரி. அதனால் அவளுக்கு இரண்டு பத்திரிகை கிடைத்தது, பள்ளியில் ரத்தினபாய் கொடுத்தது ஒன்று, வீட்டுக்கு ஷெர்வின் கொண்டுவந்தது ஒன்று. இரண்டையும் அலுவலக மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள். “அக்கா, இதுல எது சரி?”

ஷெர்வின் கொடுத்ததில் அந்த வரியின் மேல் அளவாக வெட்டிய வெள்ளை ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது. ‘தங்கள் ஜெபமும் வாழ்த்துமே எங்களுக்குப் பரிசு.’ மண்டபம் மாறினால் ஒட்டுவார்களே, அதே மாதிரி ஸ்டிக்கர். உட்கார்ந்து ஒவ்வொன்றாக ஒட்டியிருக்கிறான். கோணல் இல்லை, சுருக்கம் இல்லை. ரத்தினபாய்க்கு முகம் சிவந்து காது சூடேறியது. முன்னே வந்து திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை. அவளுடைய ஆசையை ஒரு அச்சுப் பிழைபோல் மூடியிருந்தான்.

சாயங்காலம் ஜீவரத்தினத்துக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னாள். தான் செய்யப்போவதையும் சொன்னாள். “உங்களுக்குக் கூச்சமா இருந்தா இப்பவே சொல்லிடுங்க.”

“எழுத்து மட்டும் பெருசா இருக்கட்டும். கண்ணாடி இல்லாமலே எனக்குப் படிக்க வரணும்.”

ஜி.எஸ்.டி. ரோட்டோரம் ஃபிளெக்ஸ் அடிக்கிற கடைக்காரர் அவள் எழுதிக் கொடுத்ததை வாய்விட்டுப் படித்துவிட்டுத் தலை நிமிர்ந்தார். “இன்னாம்மா இது, பொண்ணுக்கா கல்யாணம்?”

“எனக்குத்தான்.”

“ஐய, முன்னாடியே சொல்லக் கூடாதா?” என்று சுற்றிலும் ரோஜாப்பூ வைத்து, ஓரத்தில் ஒரு பனிமலையும் தானாகவே சேர்த்துக் கொடுத்தார்.

கல்யாணத்தன்று ஆலயத்தில் எல்லாம் முறையாக நடந்தது. வரவேற்பு ராஜகீழ்ப்பாக்கத்தில் ஒரு மண்டபத்தில். பரிசுப் பெட்டியும் கையுமாக வந்து இறங்கினவர்கள் வாசலிலேயே நின்றுவிட்டார்கள். கதவின் உயரத்துக்கு ஃபிளெக்ஸ் தொங்கியது. ‘சுவர்க் கடிகாரம் வேண்டாம். ஹாட் பாக்ஸ் வேண்டாம். எங்கள் தேனிலவுக்கு ஒரு கவர் போதும். அன்புடன், ரத்தினபாய், ஜீவரத்தினம்.’

கமிட்டிச் செயலாளர் பார்க்காததுபோல் உள்ளே போனார். இரண்டு கிழவிகள் முந்தானையை வாயில் வைத்துச் சிரித்தார்கள். ஒருத்தர் தன் கடிகாரத்தைக் காருக்குள்ளேயே திருப்பி வைத்தார். சிக்னல் பக்கத்து ஃபேன்சி ஸ்டோரில் அன்று கவர் தீர்ந்துபோனது. ஷெர்வின் ஃபிளெக்ஸை இறக்கச் சொல்லப் பந்தல்காரர்களைத் தேடி ஓடினான், அவர்கள் முன்பணமாகவே அக்காவின் கையால் டீயும் வடையும் சாப்பிட்டிருந்ததால் ஏணி இல்லை என்று சொல்லிவிட்டார்கள். வேர்த்து விறுவிறுத்து மேடைக்கு வந்தான்.

“என்னை நாலு பேர் முன்னாடி தலைகுனிஞ்சு நிக்க வெச்சுட்டே, அக்கா.”

“அதுக்கும் ஸ்டிக்கர் கெடைக்குமான்னு பார்த்துட்டு வா, போ,” என்றாள், மாலையைச் சரிசெய்துகொண்டே.

வரிசை நகர்ந்தது. ஏஞ்சல்தான் முதல் கவரைக் கொடுத்தாள். ஜீவரத்தினம் வாங்கிப் போட்டோவுக்குச் சிரித்துவிட்டு, எல்லா மாப்பிள்ளைகளையும்போல் இடது பக்கம் கையை நீட்டினார். நாற்காலி போட்டிருந்தது. அதன்மேல் பையும் இருந்தது. ஆள் இல்லை. இத்தனை நாள் ஏற்பாடு செய்தவர்களில் ஒருத்தருக்கும் அது தோன்றவில்லை. எந்தக் கல்யாணத்திலும் யோசிக்க வேண்டியிருந்ததில்லையே. நீட்டின கை நீட்டினபடியே நின்றது.

ஷெர்வின் பையை எடுத்து அக்காவிடம் நீட்டினான். அவன் அதைக் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை, பழக்கத்தில் செய்தான். “நீயே பிடிச்சுக்கயேன், அக்கா. உனக்குத்தான் பழக்கம்.”

ரத்தினபாய் தன்னை ஒரு தடவை குனிந்து பார்த்துக்கொண்டாள். பட்டுப்புடவை, தலையில் வெள்ளை நெட், கழுத்தில் மாலை. இவ்வளவுக்கு அப்புறமும் பையைத்தான் நீட்டுகிறான். அழுதுவிடுவாள் என்று ஏஞ்சல் பயந்தாள். அவள் அழவில்லை. பையை வாங்கி, ஜிப்பைத் திறந்து, தம்பியின் கையிலேயே திருப்பிக் கொடுத்து நாற்காலியைக் காட்டினாள்.

“உக்காரு.”

“அக்கா, கெஸ்டையெல்லாம் கவனிக்கணும்.”

“கவனிக்க ஆள் இருக்கு. இன்னிக்கு நான் பொண்ணு. உக்காருடா.”

மேடைக்குக் கீழே கமிட்டி மொத்தமும் பார்த்துக்கொண்டிருந்தது. ஷெர்வின் உட்கார்ந்தான்.

ரத்தினபாய் ஜீவரத்தினத்தின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள். வரிசையில் நின்றவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. “கவரைத் தம்பிகிட்ட குடுத்துட்டு வாங்க,” என்று அவர்களிடம் சொன்னாள். “நாங்க சாப்பிடப் போறோம். முதல் பந்தி.”

இலையில் பிரியாணி விழுந்தபோது ஆவி பறந்தது. மேலே முழு லெக் பீஸ். அந்தச் சபையின் கல்யாண பிரியாணி சூடாக இருக்கும் என்பதே அவளுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. முதல் வாயிலேயே கண் கலங்கிவிட்டது. ஜீவரத்தினம் தண்ணீர் டம்ளரை நகர்த்தி வைத்தார்.

கொஞ்ச நேரத்தில் ஜென்சி மேசைப் பக்கம் வந்து நின்றாள். “அண்ணி, அவரு மத்தியானத்துலேருந்து ஒண்ணும் சாப்பிடலை. எழுந்து வரச் சொல்லட்டுமா?”

ரத்தினபாய் எலும்பை இலை ஓரத்தில் வைத்தாள்.

“கடைசிக் கவரும் வரட்டும். சமையல்காரர்கிட்ட ஏதாவது எடுத்து வெச்சாங்களான்னு மட்டும் கேட்டு வை.”