சுரூபத் தட்டில் இருந்த சிரிப்பு நடிகை

பொதியைப் பிரித்ததும் முதலில் எழுந்தது மணம்தான். கப்பல் டீசலும் சவர்க்காரமும் கலந்து, அவற்றுக்கும் மேலாக, தகரத்தின் மூடி வழியே கசிந்திருந்த ஒலிவ எண்ணெயின் மணம் வீடு முழுவதும் பரவியது. எனக்கு அப்போது எட்டு வயது. அப்பா கிரேக்கச் சரக்குக் கப்பலொன்றில் எஞ்சினுக்கு எண்ணெய் போடும் வேலை பார்த்தார். விடுமுறையில் ஊருக்கு வந்த வேறொரு கப்பல்காரரிடம் அவர் கொடுத்தனுப்பிய பொதியை அம்மா குருநகர் வீட்டின் சீமெந்து நிலத்தில் வைத்துப் பிரித்துக்கொண்டிருந்தார். கம்பளி, மீன் தகரங்கள், எனக்கொரு பென்சில் பெட்டி. எல்லாவற்றுக்கும் அடியில், செய்தித்தாளில் சுற்றிய ஒரு படம்.

"கடிதமும் ஒண்டு தந்தவர் அக்கா. கொழும்பிலை ரயில் ஏறேக்கை எங்கையோ விழுந்துபோச்சுது" என்று பொதி கொண்டுவந்தவர் தலையைச் சொறிந்தார். பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் அந்தத் தொலைந்த கடிதம்தான் காரணம்.

படத்தில் ஒரு கன்னியாஸ்திரி இருந்தாள். கறுப்பு முக்காடு, கூப்பிய கைகள், வானத்தை நோக்கிய கண்கள். அந்தக் கண்கள் இரண்டும் ஒரே இடத்தைப் பார்க்கவில்லை. திறந்த வாயில் முன்பல் ஒன்று மற்றவற்றை விட்டு வெளியே வந்து நின்றது. கீழே எங்களுக்குத் தெரியாத எழுத்தில் ஏதோ அச்சிட்டிருந்தது. அம்மா படத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, புனிதர்களின் சிலைகள் நிற்கும் சுரூபத் தட்டில், அந்தோனியாருக்கும் மாதாவுக்கும் நடுவில் வைத்தார்.

அந்தப் படம் இன்றும் என்னிடம் இருக்கிறது. இத்தனை வருடங்களுக்குப் பிறகு அதைப் பற்றி எழுத வைத்தது என் மகள் ஜெனிற்றா.

அவளுக்குப் பதினேழு வயது. பாடசாலை நாடகத்தில் ஒரு வாயாடி மீன்காரியாக நடித்தாள். பல்லொன்றைக் கறுப்பாக்கிக்கொண்டு அவள் மேடைக்கு வந்தபோது மண்டபமே சிரித்தது, நானும் சிரித்தேன். அடுத்த வாரம் யாரோ அந்த நாடக வீடியோவில் ஒரு துண்டை வெட்டி, அவளுடைய உடம்பைப் பற்றியும் முகத்தைப் பற்றியும் அசிங்கமாக எழுதி, கைபேசிகளில் பரப்பிவிட்டார்கள். முதல் நாள் அவளும் சேர்ந்து சிரித்தாள். இரண்டாம் நாள் சாப்பிடவில்லை. நான் அவளுடைய கைபேசியை வாங்கி வைத்துக்கொண்டேன். நாடகம் பழக்கும் ஆசிரியரிடம் போய், இனி என் பிள்ளை வரமாட்டாள் என்று சொல்லிவிட்டு வந்தேன். அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

இரண்டு கிழமை கழித்து ஒரு செவ்வாய்க்கிழமை, ரியூசன் முடிந்தும் அவள் வீட்டுக்கு வரவில்லை. நாங்கள் இப்போது இருப்பது கொக்குவிலில். அங்கிருந்து ஸ்கூட்டரில் பஸ் நிலையம், அவளுடைய சிநேகிதிகள் வீடு என்று தேடிவிட்டு, கடைசியில் பண்ணைப் பாலத்துக்குப் போய்த் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு மெதுவாக ஓட்டினேன். ஒரு தாய் எதைத் தேடித் தண்ணீரைப் பார்ப்பாள் என்பதை நான் எழுத வேண்டியதில்லை. பொழுது சாய்கிற நேரத்தில் அவளை நாடக மண்டபத்தில் கண்டுபிடித்தேன். யாருடையதோ பழைய சேலையைச் சுற்றிக்கொண்டு கூன்போட்டு நடந்துகொண்டிருந்தாள். பழக வந்த ஏழெட்டுப் பேர் வயிற்றைப் பிடித்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

அன்று அவள் என்னிடம் நீட்டியது ஒரு சம்மதக் கடிதம். தொண்டைமானாற்றில் ஒரு குறும்படம் எடுக்கிறார்கள். அதில் சிரிப்புப் பாத்திரம் அவளுக்கு. பெற்றோர் கையெழுத்து வேண்டும். நான் அதை மடித்து அலுமாரியில், பிறப்புச் சான்றிதழ்கள் இருக்கும் கோவைக்குள் வைத்தேன். அந்தக் கோவைக்குள்தான் கிரேக்கப் படமும் இருந்தது.

பழைய கதைக்குத் திரும்புகிறேன். பொதி வந்த பிறகு அப்பாவிடமிருந்து எட்டு மாதம் ஒரு கடிதமும் வரவில்லை. கப்பல் போன கடற்பக்கம் சண்டை நடக்கிறதென்று வானொலி சொன்னது. அம்மா அந்தப் படத்துக்கு முன்னால் ஒலிவ எண்ணெயில் விளக்கேற்றி நவநாள் செபம் தொடங்கினார். பக்கத்து வீட்டு றீத்தா மாமியும் வந்து சேர்ந்தார். மாமியின் புருசனும் கப்பலில்தான். என்ன பெயர் சொல்லி வேண்டுவதென்று தெரியாததால் "கிரேக்கு அர்ச்சிஷ்டவள்" என்று வைத்துக்கொண்டார்கள். அர்ச்சிஷ்டவள் என்றால் எங்கள் கோயில் பேச்சில் புனிதை.

"உந்தப் பல்லைப் பார் திரேசம்மா. வேதசாட்சியடி. பிடிச்சு அடிச்சிருக்கிறாங்கள், பல்லு ஆடிப்போச்சு" என்றார் றீத்தா மாமி.

"கண்ணும் ஒரு மாதிரி நிக்குது அக்கா."

"நிக்காமல்? மோட்சத்தைக் கண்ட கண்ணெல்லே!"

மாமிக்கு அந்த மாதம் கடைவாய்ப் பல் நோவு. படத்துக்கு முன்னால் வேண்டிக்கொண்டார், நோவு நின்றது. அதன் பிறகு பல் நோவு வந்தவர்களெல்லாம் கன்னத்தைப் பொத்திக்கொண்டு எங்கள் வீட்டுப் படலையைத் திறந்தார்கள். வீட்டை ஆசீர்வதித்து மந்திரிக்க வந்த பங்குச் சுவாமியார் படத்தைக் கையிலெடுத்துச் சாளரத்தருகே கொண்டுபோய்ப் பார்த்தார். "கிரேக்க எழுத்து. அவையின்ரை சபையிலை எத்தினையோ அர்ச்சிஷ்டவர்கள் இருக்கினம்" என்றார். சொன்னதில் பிழை இல்லை. ஆனால் அவர் வைத்துவிட்டுப் போகும்போது வாயைக் கையால் மூடிக்கொண்டதை நான் பார்த்தேன்.

அந்த எட்டு மாதமும் அம்மா சிரித்து நான் காணவில்லை.

ஒருநாள் பகல், முன்னறிவித்தல் எதுவுமில்லாமல், அப்பா படலையைத் திறந்துகொண்டு வந்தார். மெலிந்திருந்தார். கப்பலை ஒரு துறைமுகத்தில் மறித்து வைத்திருந்தார்களாம். அம்மா அவருடைய கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு நேரே சுரூபத் தட்டுக்கு முன் போனார்.

"முதல் இவவுக்கு நன்றி சொல்லுங்கோ. இவதான் உங்களைக் கொண்டுவந்து சேர்த்தவ."

அப்பா பார்த்தார். விளக்கையும் மல்லிகைச் சரத்தையும் மறுபடி படத்தையும் பார்த்தார். பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டு சரிந்து நிலத்தில் உட்கார்ந்தார். அழுகிறார் என்றுதான் நினைத்தேன்.

"எடியே, உது சினிமாக்காரியடி! சிரிப்பு நடிகை! பார்த்துச் சிரியுங்கோ எண்டு கடிதத்திலை எழுதினனான் எல்லே!"

றீத்தா மாமிதான் மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து கத்தினார். "அப்ப என்ரை பல்லு நோவு எப்பிடி நிண்டது? அதைச் சொல்லும் முதல்!"

அப்பா கொண்டுவந்த பெட்டிக்குள் அந்தக் கன்னியாஸ்திரி நடித்த படத்தின் வீடியோ கசெற்றும் இருந்தது. ஞாயிறு பூசை முடிந்த கையோடு டெக்கும் தொலைக்காட்சிப் பெட்டியும் வாடகைக்கு வந்து இறங்கின. பல் நோவு தீர்ந்தவர்கள் அத்தனை பேரும் பாயில் இருந்தார்கள். கறுப்பு வெள்ளைப் படம். ஒரு சொல் விளங்கவில்லை. எங்கள் அர்ச்சிஷ்டவள் மடத்து மதிலில் ஏறி அத்திப்பழம் களவெடுத்தாள். அங்கி ஆணியில் கொழுவியது. இழுத்தாள், வரவில்லை. கைகளைக் கூப்பி, வானத்தைப் பார்த்து, பல் தெரிய வேண்டிக்கொண்டாள். எங்கள் படத்தில் இருந்த அதே முகம். அடுத்த கணம் அங்கி கிழிந்து, கீழே நின்ற கழுதை வண்டியின் கோதுமைமா மூட்டைகளுக்குள் விழுந்தாள்.

எல்லோரும் அம்மாவைப் பார்த்தார்கள். அம்மாவின் தோள்கள் குலுங்கத் தொடங்கின. பிறகு அவர் வாய்விட்டுச் சிரித்தார். மூச்சு வாங்க, கண்ணீர் வழிய, றீத்தா மாமியின் தொடையில் அடித்து அடித்துச் சிரித்தார். அதற்குப் பிறகுதான் மற்றவர்களுக்குத் துணிவு வந்தது.

அந்த நடிகையின் வாழ்க்கையை அப்பா கப்பல் சமையற்காரரிடம் கேட்டு வந்திருந்தார். பின்னேரத் தேநீரோடு கொஞ்சம் கொஞ்சமாகச் சொல்வார். துறைமுகத்தில் மூட்டை சுமந்தவரின் மகளாம். தையற்கடையில் வேலை செய்துகொண்டு, ஊரே பட்டினி கிடந்த யுத்தகாலத்தில் மேடையேறினாளாம். இந்தப் பல்லோடு நாயகி வேடம் கிடையாது என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார்கள். அதனால் வேலைக்காரி, மாமியார், வம்பு பேசும் அயலவள், கலியாணமாகாத அக்கா என்று வாழ்நாளெல்லாம் இரண்டாம் வரிசையிலேயே நடித்தாள். அவளுடைய பெயரை முதலாவதாகப் போட்டது இந்தக் கன்னியாஸ்திரிப் படம் ஒன்றுக்குத்தான். கடைசிக் காலத்தில் வேடங்கள் குறைந்து, இரண்டு அறை வீட்டில் பூனைகளோடு இருந்து செத்துப்போனாளாம். கப்பலில் அவளுடைய படம் ஓடும்போது அந்தச் சமையற்காரர் எழுந்து நின்றுதான் பார்ப்பாராம்.

படத்தை அம்மா எடுத்துவிடுவார் என்று எல்லோரும் எதிர்பார்த்தோம். அவர் அதை மாதாவின் பக்கத்திலிருந்து எடுத்து, அதே தட்டின் ஓரத்துக்கு நகர்த்தி வைத்தார். விளக்கு இல்லை, பூ இல்லை.

"செபம் சொல்லமாட்டன். ஆனால் எட்டு மாதம் என்னோடை இருந்தவள். வெளியாலை போடேலாது" என்றார்.

இடம்பெயர்ந்தபோதும் அது சான்றிதழ்களோடு எங்களுடன் வந்தது. அம்மா போன பிறகு என்னிடம் இருக்கிறது.

போன வியாழக்கிழமை, சம்மதக் கடிதத்தைத் தேடி ஜெனிற்றா அந்தக் கோவையைத் திறந்துவிட்டாள். கடிதத்தோடு படத்தையும் தூக்கிக்கொண்டு வந்து, "ஆரம்மா இது?" என்றாள். நான் கதையைச் சொன்னேன். பல்லு நோவுக்கு வந்ததும் அவள் கட்டிலில் விழுந்து சிரித்தாள். ஒரு மாதத்துக்குப் பிறகு அந்தச் சத்தத்தை வீட்டுக்குள் கேட்டேன். நான் வாங்கி வைத்திருந்த கைபேசியைக் கேட்டு வாங்கி, படத்தைப் பிடித்து இணையத்தில் தேடி, அந்த எழுத்தையும் தமிழாக்கி வாசித்தாள். அப்பா சொன்னதில் பெரும்பகுதி சரிதான். அப்பாவுக்குத் தெரியாத ஒன்றும் அதில் இருந்தது. அந்த நடிகை ஒருமுறை, ஆசைப்பட்டு, பிள்ளையைப் பறிகொடுத்த தாயின் வேடத்தில் மேடையேறியிருக்கிறாள். அவளைக் கண்டதும் சனம் வழக்கம்போலச் சிரித்திருக்கிறது. சிரிப்பு அடங்கும்வரை அசையாமல் நின்று, பிறகு நடித்து முடித்துவிட்டு, உள்ளே போய் அழுதாளாம். அடுத்த நாள் பழையபடி வேலைக்காரி வேடத்துக்குப் போயிருக்கிறாள்.

ஜெனிற்றா கைபேசியை என்னிடம் திருப்பித் தந்தாள். "நான் சிரிக்க வைக்கேக்கை சிரிச்சால் எனக்கு நோகாதம்மா. அவங்கள் சிரிச்சது வேறை. நீங்களும் அவங்களோடை சேர்ந்து என்னை நிப்பாட்டினது தான் நோகுது."

சம்மதக் கடிதத்தை வாங்கி விரித்தேன். கையெழுத்துப் போட்டேன். பயம் போய்விட்டது என்று நினைக்க வேண்டாம். பெயரின் கடைசி எழுத்து கோணிப்போயிருந்தது.

கசெற் பூஞ்சணம் பிடித்து எப்போதோ போய்விட்டது. குருநகர் வீடு இருந்த இடத்தில் இப்போது வேறு யாரோ மாடி வீடு கட்டியிருக்கிறார்கள். அப்பாவும் இல்லை, றீத்தா மாமி கடல் கடந்து போய், அங்கேயே அடங்கிப்போனார். அந்தச் சுரூபத் தட்டின் பலகையைக்கூட நாங்கள் காப்பாற்றவில்லை.

சனிக்கிழமை காலை வான் வந்து ஜெனிற்றாவை ஏற்றிக்கொண்டு போனது. கைபேசியை அவளிடமே கொடுத்திருந்தேன். அவள் போனதும் படத்தை எடுத்து, கொக்குவில் வீட்டுச் சுரூபத் தட்டின் ஓரத்தில், அம்மா வைத்த மாதிரியே வைத்தேன். பிறகு எதிலும் கை ஓடாமல் வீட்டுக்குள் நடந்துகொண்டிருந்தேன். பதினொரு மணியளவில் என்னுடைய கைபேசி அடித்தது.

"அம்மா, நான் விழுந்திட்டன்."

"எங்கை? எங்கையடி? தண்ணிக்குள்ளையே?"

"ஐயோ, படத்திலையம்மா! மீன் கூடைக்குள்ளை. ஒருதரம் விழுந்தது காணாதெண்டு மூண்டுதரம் விழுத்திப்போட்டினம்."

அவளுக்குப் பின்னால் பலர் சிரிப்பது கேட்டது. அது எந்தச் சிரிப்பென்று காதைக் கூர்மையாக்கிக் கேட்டேன். அவளுடைய குரலும் அதற்குள் இருந்தது. கதிரையில் உட்கார்ந்தேன். தட்டின் ஓரத்தில் இருந்தவள், கைகளைக் கூப்பிக்கொண்டு, ஒரு கண்ணால் என்னையும் மறு கண்ணால் கூரை முகட்டையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.