கண்டமங்கலம் தொகுதியின் கடைசி மண்டல அலுவலர்

லாரியின் முன்சக்கரத்துக்கு எதிரே ஒருவர் துண்டை விரித்துப் படுத்துவிட்டார். பின்னால் இரண்டு மோட்டார் சைக்கிள்கள் குறுக்கே நின்றன. லாரிக்குள் வாக்குப்பதிவு இயந்திரங்கள். மறுநாள் காலை வாக்குப்பதிவு. அவற்றுக்குப் பொறுப்பான மண்டல அலுவலர், முதுகலை வரலாறு படித்த நான்.

இந்நிலை எவ்வாறு வந்தது என்பதற்கு முதலில் தொகுதியின் கதையைச் சொல்ல வேண்டும். விழுப்புரத்துக்கும் புதுச்சேரிக்கும் இடையே கண்டமங்கலம் என்றொரு சட்டமன்றத் தொகுதி இருந்தது. தனித்தொகுதி. வருவாய்த்துறையில் என் தேர்தல் பணியெல்லாம் அங்கேதான். எந்தச் சாவடிக்கு எந்தச் சந்து, எந்தப் பள்ளியில் மின்விசிறி சுற்றும் என்பதெல்லாம் எனக்கு மனப்பாடம். அதைப் பிறர் காதில் விழும்படி சொல்லவும் செய்வேன். பிறகு தொகுதி மறுசீரமைப்பு வந்தது. ஊர் இருந்தது, ஒன்றியம் இருந்தது, தொகுதி மட்டும் போயிற்று. அதன் ஊர்கள் பக்கத்துத் தொகுதிகளுக்குப் பிரிந்தன. அந்த ஆணையை விளக்கிச் சக அலுவலர்களுக்கு வகுப்பெடுத்தவனே நான்தான்.

அதற்குப் பின் வந்த முதல் சட்டமன்றத் தேர்தலில் எனக்கு வானூர்த் தொகுதியில் ஒரு மண்டலம். கடைசியாக ஒரு சிற்றூர்ச் சாவடிக்குப் போக வேண்டியிருந்தது. திண்டிவனத்து டிரைவர் தயங்கினார்.

"சார், ரூட் மேப்புல இந்தாண்ட திரும்பச் சொல்லியிருக்குதே?"

"மேப்பை மடித்து வையுங்கள். நான் இருக்கும்போது மேப் எதற்கு?"

பழைய தொகுதியில் அந்தச் சிற்றூர் மக்கள் பக்கத்து ஊர்ப் பள்ளியில்தான் வாக்களிப்பார்கள். லாரியை அங்கே விடச் சொன்னேன். அந்தப் பள்ளி விழுப்புரம் தொகுதிக்குப் போய்விட்டது, சிற்றூர் வானூரில் சேர்ந்து தனிச் சாவடி பெற்றுவிட்டது என்பவை என் வகுப்பிலேயே நான் சொன்ன செய்திகள்.

பெட்டியை இறக்கப் போனதும் தலைமையாசிரியர் ஓடிவந்தார். "எங்க பூத்து மிஷின் அப்பவே வந்துட்டுதே சார்! இது எதுக்கு?"

ஊர் கூடிவிட்டது.

"ஒரு பூத்துக்கு ரெண்டு மிஷினா? ஒன்னு ஓட்டுப் போட, இன்னொன்னு ஜெயிக்கவா?"

பள்ளிப் படியில் ஏறி நின்று, "தொகுதி எல்லை மறுவரையறையின் விளைவாக..." என்று தொடங்கினேன்.

"லெக்சர் குடுத்துக்கினே மாத்திடுவாருடா, மிஷினைப் பாத்துக்கோ!" என்றான் ஓர் இளைஞன்.

லாரியோடு வந்த காவலர் என் காதருகே குனிந்தார். "சார், பேசாதீங்க. நீங்க பேசப் பேசக் கூட்டம் ஜாஸ்தியாவுது."

செய்தி வெளியே பரவினால் சிற்றூரில் வாக்குப்பதிவு குலையும். என் கறைபடாத பணிக்காலம் இடைநீக்கத்தில் முடியும். அப்போதுதான் சக்கரத்துக்கு எதிரே படுத்திருந்தவர் தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். ஒரு கட்சியின் பழைய பூத் ஏஜென்ட்.

"அட, இவரா! நாம வாங்கிக் குடுக்கிற டீயைக்கூடத் தொடமாட்டாரேய்யா. திருட்டு வேலைக்கு வர்ற ஆளு இல்ல."

என் நெஞ்சு நிமிர்ந்தது. மோட்டார் சைக்கிளில் சாய்ந்திருந்த எதிர்க்கட்சி ஏஜென்ட் அதை முடித்து வைத்தார்: "ஆமாமா, அதுக்கெல்லாம் சாமர்த்தியம் வேணும்."

இரு கட்சியும் ஒன்றாகச் சிரித்து நான் பார்த்தது அன்றுதான்.

"சார், ரெண்டுல ஒன்னு சொல்லுங்க," என்றார் துண்டுக்காரர். "திருட வந்தீங்களா, வழி தெரியாம வந்தீங்களா? வழி தெரியலன்னு சொல்லுங்க, எழுந்துக்கிறேன்."

"முந்தைய எல்லை வழக்கத்தின்படி..."

அவர் மறுபடியும் தலையைத் துண்டில் சாய்த்துக்கொண்டார்.

"வழி தெரியவில்லை" என்றேன்.

"பின்னாடி நிக்கிறவங்களுக்குக் கேக்கல சார்."

"எனக்கு வழி தெரியவில்லை!"

எழுந்து துண்டை உதறினார். அவரே முன்னால் வண்டியில் போய் வழி காட்ட, இயந்திரத்தை யாரும் தொடாதபடி எதிர்க்கட்சிக்காரர் பின்னால் வர, பொழுது சாயுமுன் சிற்றூர் சேர்ந்தோம். மறுநாள் வாக்குப்பதிவு குறையின்றி நடந்தது.

தேர்தல் பணிக்குச் செல்லும் இளைய அலுவலர்களே, ரூட் மேப்பை மடிக்காதீர்கள். ஒரு தொகுதியை அரசு ஓர் ஆணையால் கலைத்துவிடும். அதில் பெயரெடுத்த அலுவலரின் தலைக்குள்ளிருந்து அதைக் கலைக்க, லாரிக்கு முன்னால் ஒருவர் படுக்க வேண்டியிருக்கிறது.

இன்றும் புதுச்சேரி பஸ்ஸில் அந்தத் துண்டுக்காரர் ஏறினால் நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன். பயனில்லை. பஸ் முழுவதும் கேட்கும்படி அவர் குரல் வரும்:

"கண்டக்டரு, சாரு படிச்சவரு. எறங்க வேண்டிய எடத்துல பாத்து எறக்கி வுடுப்பா!"