நார்மானியரைத் தேடிப் போய்ச் சாரத்தில் சாப்பிட்ட மீன்குழம்பு

திண்டுக்கல்லில் ஒரு கல்லூரியில் இங்கிலாந்து வரலாறு நடத்துகிறேன். போன மாதம் நார்மானியர் பாடத்தை ஆரம்பித்ததுமே கடைசி பெஞ்சில் ஒருத்தி எழுந்து, "மேடம், எவனோ கடல் தாண்டி எவன் ஊரையோ பிடிச்சா நமக்கென்ன?" என்று கேட்டாள். கோபம் வந்தது. யோசித்துப் பார்த்தால் நியாயமாகவும் இருந்தது. 1066இல் பிரான்சின் நார்மண்டியிலிருந்து வந்து இங்கிலாந்தைப் பிடித்தவர்களை இந்தப் பிள்ளைகளுக்கு எதைக் காட்டிப் புரியவைப்பது? பிரெஞ்சு பேசியவர்கள் ஆண்ட ஊர் நமக்குப் பக்கத்திலேயே ஒன்று இருக்கிறதே என்று ஒரு சனிக்கிழமை புதுச்சேரிக்குக் கிளம்பிவிட்டேன்.

காலை ரயிலில் ஏறினால் மதியத்துக்குள் விழுப்புரம். அங்கிருந்து புதுச்சேரி நாற்பது கிலோமீட்டர், பஸ்ஸில் ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல். பஸ் ஸ்டாண்டிலிருந்து சாரம் என்ற பகுதி இரண்டு கிலோமீட்டர்கூட இருக்காது, ஆட்டோக்காரர் நூற்றைம்பது கேட்டார். "அண்ணே, நான் பாரிஸ் போகல, சாரம்தான் போறேன்" என்றேன். சிரித்துக்கொண்டே நூறுக்கு வந்தார். சாரத்தில் என் எம்.ஏ. தோழி பிலோமினா இருக்கிறாள். கணவரைப் பிரிந்தபின் மகளோடு அப்பா வீட்டு மாடியறையில் குடியிருக்கிறாள். கீழே அப்பாவும் அண்ணன் குடும்பமும்.

அன்று மாலை கடற்கரைப் பக்கத்துப் பிரெஞ்சுத் தெருக்களில் சுற்றினோம். மஞ்சள் சுவர்கள், இரண்டு மொழியில் தெருப்பலகைகள், ஒவ்வொரு வாசலிலும் போட்டோவுக்கு நிற்கும் கூட்டம். நான் நார்மானியர் கட்டிய கோட்டைகளை நினைத்துக்கொண்டே நடந்தேன். அவர்கள் போட்டதில் கோட்டையைவிட அதிகம் நிலைத்தது சட்டம்தான். மன்னர்களே ஆங்கிலம் பேச ஆரம்பித்த பிறகும் வழக்குமன்றத்தில் பிரெஞ்சு நீடித்தது. தன் நிலத்துக்கான வழக்கைப் புரியாத மொழியில் கேட்டுக்கொண்டு நின்றிருக்கிறான் ஆங்கிலேயக் குடியானவன். இன்றைக்கும் அவர்கள் நாடாளுமன்றத்தில் மன்னரின் ஒப்புதலைப் பழைய பிரெஞ்சில்தான் அறிவிக்கிறார்கள். இதைச் சொன்னபோது பிலோ, "போனவனுங்க எதையாவது விட்டுட்டுத்தான் போவானுங்க" என்றாள். அப்போது அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

ஞாயிறு காலை வைத்திக்குப்பத்தில் மீன் வாங்கப் போனோம். ஏழு மணிக்குள் போனால்தான் நல்ல மீன் கிடைக்கும், பையை நீங்களே கொண்டுபோங்கள். வஞ்சிரத்தைப் புரட்டிப் பார்த்தபடி பிலோ சாதாரணமாகச் சொன்னாள்:

"இன்னைக்கு வீட்ல எனக்குப் பங்கு வேணாம்னு கையெழுத்து போடப் போறேன்டி. அப்பா நேத்தே நொத்தேரைப் பாக்கப் போயிட்டாரு."

நொத்தேர் என்றால் இங்கே பத்திரம் எழுதும் சட்டக்காரர். எனக்குப் பகீரென்றது. "உனக்கு இருக்கறது அந்த மாடியறை ஒண்ணுதானேடி!" என்று கத்தியேவிட்டேன்.

"தெரியும். ஆனா அண்ணன் மூஞ்சி குடுத்துப் பேசி ரெண்டு வருஷம் ஆவுது. கையெழுத்து போட்டாலாவது பேசுவான்."

நம் பெண்கள் பிறந்த வீட்டை விட்டுக்கொடுப்பதற்குச் சொல்லும் காரணம் எல்லா ஊரிலும் இதுதான்.

சர்ச்சில் பூசை முடிந்து வந்ததும் சாப்பாடு. பிலோவின் அப்பா மில்லில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அண்ணன் அந்துவான் தட்டாஞ்சாவடியில் லேத் பட்டறை வைத்திருக்கிறார். "காலேஜ்ல என்னா பாடம் எடுக்கறம்மா?" என்று பெரியவர் கேட்டார். பிலோவை மனதில் வைத்துக்கொண்டு வேண்டுமென்றே சொன்னேன். நார்மானியர் வருவதற்கு முன் இங்கிலாந்தில் பெண் தன் பெயரில் நிலம் வைத்திருக்கலாம், விரும்பியவருக்கு எழுதிவைக்கலாம். வந்த பிறகு நிலமெல்லாம் மூத்த மகனுக்கு. மகன் இல்லாவிட்டால்தான் மகளுக்கு வரும், அதிலும் அவள் யாரைக் கட்ட வேண்டும் என்பதைப் பிரபு தீர்மானிப்பான். அண்ணனுக்கு உறைக்கட்டும் என்று கடைசி வரியை அழுத்திச் சொன்னேன்.

பெரியவர் பெருமூச்சு விட்டார். "குடுத்துவச்ச ஊரும்மா. எங்களுக்கு வந்தவன் அப்படியா பண்ணான்?"

எனக்கு விளங்கவில்லை. அவரே பொரிந்து தள்ளினார். "என் தாத்தாவுக்கு அப்பன் நம்ம ஜாதி வழக்கமெல்லாம் வேணாம், பிரெஞ்சு சட்டமே போதும்னு எழுதிக் குடுத்துட்டாராம். அது இன்னும் எங்க தலைமேலதான் நிக்குதாம். நேத்து நொத்தேர் சொல்லிட்டாரு. ரெண்டு புள்ளைங்க இருந்தா மூணுல ஒரு பங்குதான் என் இஷ்டமாம். மிச்சம் ஆளுக்கு ஒண்ணு. உயிலே எழுதினாலும் இவ பங்குல கைவைக்க முடியாதாம்!"

"அதான் அவளே வேணாம்னு எழுதித் தராளேப்பா?" என்றார் அந்துவான்.

"நான் உசிரோட இருக்கற வரைக்கும் அவ எழுதிக் குடுத்தாலும் செல்லாதாம்டா!"

விட்டுக்கொடுக்கக்கூட முடியாத பங்கா? வந்தேறியின் சட்டம் பெண்ணின் நிலத்தைப் பிடுங்கும் என்று வருடக்கணக்காக வகுப்பில் முழங்கிய வாய் எனக்கு. மூத்தவனுக்கே எல்லாம் என்ற வழக்கம் பிரான்சிலும் வேரோடியிருந்ததுதான். பிற்பாடு புரட்சி செய்து அதை ஒழித்துவிட்டு, அந்தப் புதுச் சட்டத்தைத்தான் இந்தக் கரைக்கு அனுப்பியிருக்கிறார்கள். இங்கிலாந்துக்கு ஒன்று, சாரத்துக்கு இன்னொன்று! பிலோவைப் பார்த்தேன். அவளுக்குச் சந்தோஷம் இல்லை, பயம்தான். அண்ணனைச் சமாதானப்படுத்த அவளிடம் இருந்த ஒரே வழியும் போய்விட்டதே.

"சரி, அப்பா காலத்துக்கு அப்புறம் போட்டுக் குடு" என்றார் அந்துவான்.

எல்லாவற்றுக்கும் சரி சொல்லும் பிலோ குழம்பைச் சோற்றில் ஊற்றிப் பிசைந்தாள். பிறகு, "அப்ப பாத்துக்கலாம்ண்ணா" என்றாள்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். சனி, ஞாயிறில் அறை வாடகை ஏறிவிடும், வாரநாளில் போங்கள். கடற்கரைச் சாலையில் மாலை ஆறு மணிக்கு வண்டிகளை நிறுத்திவிடுவார்கள், நடப்பதற்கு அதுதான் நல்ல நேரம். மஞ்சள் சுவரோடு திரும்பிவிடாமல் ஊருக்குள்ளும் போய் நாலு பேரிடம் பேசுங்கள். இந்தச் சட்டம் புதுச்சேரியில் எல்லோருக்கும் கிடையாது, முன்னோர் அப்படி எழுதிக்கொடுத்த குடும்பங்களுக்குத்தான். அதனால் என் கட்டுரையை நம்பி யாரும் வழக்குப் போட்டுவிடாதீர்கள், வக்கீலைக் கேளுங்கள். நான் என் பங்குக்கு வகுப்புக் குறிப்பை மாற்றி எழுத வேண்டும். கடைசி பெஞ்சுக்காரிக்கு என்ன பதில் சொல்வது என்று இப்போது தெரியும்.

நாலு மணிக்கு நான் கிளம்ப, பிலோவும் பஸ் ஸ்டாண்டுக்கு வந்தாள். நாங்கள் செருப்பு மாட்டும்போது அந்துவான் வாசலுக்கு வந்து, தங்கையைப் பார்க்காமல் தெருவைப் பார்த்தபடி, "திரும்பி வரப்ப போன் பண்ணு. நான் வண்டியில வந்து கூட்டிக்கறேன்" என்றார்.

பிலோ அசந்து நின்றுவிட்டாள். பஸ் ஸ்டாண்டில்தான் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்:

"நேத்து வரைக்கும் நான் அவனுக்கு வாடகை குடுக்காத குடித்தனக்காரிடி. இன்னைக்குப் பங்காளி."