ஈடு மீட்ட நாள்

1956 ஜூன் 11, திங்கட்கிழமை, காலை பதினொன்றே கால் மணி. திருவனந்தபுரம் கிழக்கேகோட்டையில் விடாத மழை. வீட்டுப் பத்திரத்தைச் சட்டைக்குள் வைத்து, நனையாமல் கொண்டுவந்து மனைவியின் கையில் கொடுத்தேன்.

ஒன்பது வருடங்களுக்கு முன் அந்த வீட்டையே ஈடுவைத்து இரண்டாயிரம் ரூபாய் கடன் வாங்கித்தான் அதை வாங்கினேன். அசலை அடைக்க, மாதாமாதம் சீட்டுப் பணம் கட்டும் ஒரு சிட்டியில் சேர்ந்தேன். மாத வட்டி பதினைந்து ரூபாயைப் பால், அரிசிச் செலவோடு எழுதிவந்தேன். ஒருநாளும் தனியாகக் கூட்டியதில்லை.

நாலாம் வருடம் அவள் பார்வை மங்கியது. ஆபரேஷனுக்கு முந்நூறு ரூபாய் ஆகும், தாமதித்தால் பார்வை திரும்பாது என்றார் டாக்டர்.

“சிட்டி முடங்கிரும். கடன் தீரட்டும், பொறவு பாப்போம்” என்றேன். இரண்டே வருடத்தில் பார்வை முழுதும் போயிற்று.

ஈடு மீட்ட அன்று அந்தப் பத்திரத்தை விரலால் தடவியபடி, “வட்டி மட்டும் எவ்வளவு ஆச்சு?” என்று கேட்டாள். “கூட்டிப் பாத்ததில்ல” என்றேன்.

“பால்காரிக்க கணக்கைச் சக்கரக் காசு வரைக்கும் சொல்லுவியளே, இது தெரியாதாக்கும்?” என்று சிரித்தாள். பிறகு, “முத்திரை எந்தப் பக்கம் இருக்கு?” என்றாள். அவள் விரலைப் பிடித்து அதன்மேல் வைத்தேன்.

அப்போதுதான் கூட்டினேன். வட்டி ஆயிரத்து அறுநூற்று இருபது. அசலோடு சேர்த்து, அந்தக் கடனுக்கு நான் கொடுத்தது மூவாயிரத்து அறுநூற்று இருபது ரூபாயும், அவளுடைய இரண்டு கண்களும்.