அக்காவுக்குக் கொடுத்த முதல் பிரதி

தொண்ணூற்றெட்டு வாக்கில் உத்தமபாளையத்தில் ஒரு கல்லூரியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். கூடவே எம்.ஃபில். ஆய்வு. அதற்கு நான் எடுத்துக்கொண்டது அப்போது எழுதிக்கொண்டிருந்த ஓர் அமெரிக்க நாவலாசிரியரை. பெரிய சர்ச்சைக்காரர். சொந்த வீட்டில் நடந்ததையெல்லாம் நாவலாக்கியவர். அப்பாவின் கள்ள உறவு, அம்மாவின் மாத்திரைப் பழக்கம், தங்கையின் விவாகரத்து, எதையும் விட்டுவைக்கவில்லை. அவருடைய ஊர் நூலகத்திலிருந்தே அவர் புத்தகத்தைத் தூக்கிவிட்டார்கள். மனிதர் அசரவில்லை. அடுத்த நாவலில் அந்த நூலகரையும் சேர்த்துவிட்டார்.

எனக்கு அவர் மேல் அப்படி ஒரு கிறுக்கு. மதுரைக்குப் பஸ் ஏறிப் போய், நூலகத்தில் உட்கார்ந்து அவர் பேட்டிகளைக் கையால் எழுதிக்கொண்டு வருவேன். 'வாழ்வும் பணியும்' என்ற முதல் அத்தியாயத்தில், தன் முதல் நாவலின் முதல் பிரதியை அவர் தங்கைக்கு அனுப்பினார் என்றும், அதன் பிறகு தங்கை அவரிடம் பேசவே இல்லை என்றும் எழுதினேன். ஒரே வாக்கியம். அடுத்த வாக்கியத்திலேயே அவர் துணிச்சலைப் பாராட்டப் போய்விட்டேன்.

ஆய்வு முடிந்ததும் நானும் எழுதவேண்டும் என்று கை துறுதுறுத்தது. கோம்பையில் திராட்சைத் தோட்டம் வைத்திருக்கும் குடும்பத்தில் எழுதுவதற்கு என்ன இருக்கிறது என்று முதலில் சலித்துக்கொண்டேன். பிறகு அக்கா ஞாபகம் வந்தது.

அக்காவை ஆண்டிபட்டிப் பக்கம் கட்டிக்கொடுத்திருந்தோம். கல்யாணமான முதல் வருஷம் மச்சான் குடித்துவிட்டு அடிப்பார். அப்போது உண்டான கருவை, அவருக்குத் தெரியாமல் அக்கா தேனியில் கலைத்துக்கொண்டாள். துணைக்குப் போனது நான் மட்டும்தான். அம்மா அப்பாவுக்குக்கூடத் தெரியாது. திரும்பி வரும்போது பஸ் ஜன்னலில் தலையைச் சாய்த்துக்கொண்டு, "இது ஒன்னோட இருக்கட்டும்டா தம்பி" என்றாள். அவ்வளவுதான் கேட்டாள். பிறகு மச்சான் குடியை விட்டார், ஆளே மாறினார், ஒரு பெண் குழந்தையும் பிறந்தது.

அதைத்தான் நான் கதையாக எழுதினேன். பெயர்களை மாற்றினேன், ஊரைப் போடியாக்கினேன், மச்சானை லாரி டிரைவராக்கினேன். அக்கா பஸ்ஸில் சொன்னதை மட்டும் மாற்ற மனம் வரவில்லை. அந்த இடம் நன்றாக வந்திருந்தது. ஒரு சிறுபத்திரிகையில் என் பெயரோடு வெளிவந்தது. சென்னையிலிருந்து யாரோ ஒருவர் துணிச்சலான எழுத்து என்று கார்டு போட்டார். எனக்குத் தலைகால் புரியவில்லை. அமெரிக்கர் செய்தது போலவே முதல் பிரதியை எடுத்துக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போனேன். அவள் பெருமைப்படுவாள் என்று நிஜமாகவே நினைத்தேன். இப்படி ஒரு மடையன் கம்பம் பள்ளத்தாக்கு முழுக்கத் தேடினாலும் கிடைக்கமாட்டான்.

அக்கா அடுப்படியில் நின்றபடியே படித்தாள். முடித்ததும் பத்திரிகையை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு, தட்டு வைத்துச் சோறு போட்டாள்.

"இத எத்தன பேரு வாங்குவாக?"

"ரொம்பப் பிரதி அடிக்க மாட்டாகக்கா."

"ஆண்டிபட்டியில?"

"இங்கன யாரும் வாங்க மாட்டாக."

"தேனியில?"

நான் குனிந்து சோற்றைப் பிசைந்தேன். தேனி பஸ் நிலையக் கடையில் அது தொங்கியதைக் காலையில்தான் பார்த்துப் பூரித்திருந்தேன்.

அதன் பிறகு இரண்டு வருஷம் அக்கா என்னோடு பேசவில்லை. நான் போன் செய்தால் மச்சானிடம் கொடுத்துவிடுவாள். அவர் பாவம், "என்ன மாப்ள, ஆளயே காணோம்" என்று பிரியமாகக் கேட்பார். அந்தப் பிரியத்தை என்னால் தாங்க முடியவில்லை. என்றைக்காவது அவர் கையில் அந்தக் கதை கிடைத்துவிடும், அக்கா குடும்பம் என்னால் சிதறிவிடும் என்று பயந்துகொண்டே இருந்தேன். தேனிக் கடையில் மிச்சமிருந்த பிரதிகளை நானே வாங்கி வந்து தோட்டத்தில் போட்டுக் கொளுத்தினேன். எத்தனை விற்றன என்று கடைக்காரருக்கு நினைவில்லை.

அக்கா மகளுக்குக் காதுகுத்து வைத்தார்கள். எங்கள் பக்கம் பிள்ளையைத் தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்துவார்கள். அக்கா என்னை அழைக்கமாட்டாள், பெரியப்பா மகனை உட்கார வைத்துவிடுவாள் என்று நினைத்திருந்தேன். அவளோ மச்சானோடு வெற்றிலைத் தட்டு ஏந்தி வந்து முறையாக அழைத்தாள். மன்னித்துவிட்டாள் என்று எனக்கு அழுகையே வந்துவிட்டது.

குலசாமி கோயிலில் சீர்த்தட்டுகளை இறக்கி வைத்துவிட்டுப் பலகையில் உட்கார்ந்தேன். மொட்டைத் தலையில் சந்தனம் பூசிய பிள்ளையை அக்காவே தூக்கி வந்து என் மடியில் வைத்தாள். ஆசாரி கம்பியை எடுத்தார்.

"இதுக்காவது என்னையக் கூப்பிட்டியேக்கா" என்றேன் மெதுவாக.

பிள்ளையின் தலையைப் பிடித்துக்கொள்ள அக்கா குனிந்தாள்.

"ஒன்ன உக்கார வைக்கலைன்னா ஏன்னு கேப்பாக. நான் என்னத்தச் சொல்ல?" என்றாள். "சிரி. அவுக பாக்குறாக."

எதிரே மச்சான் எங்கள் இருவரையும் பார்த்துச் சந்தோஷமாகச் சிரித்துக்கொண்டு நின்றார். நானும் சிரித்தேன்.